கழுவிப் போட்ட உப்பு

முப்பது வயதில் ஓய்வுபெற்றவன் என்று என்னைச் சொன்னால் சிரிக்கத்தான் செய்வார்கள். ஆனால் நடந்தது அதுதான். ஒரு தொண்டு நிறுவனத்தின் அயோடின் திட்டத்தில் கள ஊழியனாகச் சேர்ந்து, சிவகாசியைச் சுற்றியுள்ள ஊர்களில் ஆறு வருடம் சைக்கிள் மிதித்தேன். திட்டத்துக்குப் பணம் வருவது நின்றது. ஒரு சால்வை போர்த்தினார்கள், ஒரு சுவர்க்கடிகாரம் கொடுத்தார்கள், ஒரு குரூப் போட்டோ எடுத்தோம். அதோடு சரி. இப்போது ஒரு அச்சகத்தில் பட்டாசு லேபிளுக்கும் காலண்டருக்கும் பிழை பார்க்கிறேன்.

போன மாதம் இரண்டு பேர் அச்சகத்துக்கே என்னைத் தேடி வந்தார்கள். ஆரம்ப சுகாதார நிலையத்தில் புதிதாகச் சேர்ந்தவர்கள், ஒரு பையன், ஒரு பெண். அயோடின் கலக்காத உப்பைச் சாப்பாட்டுக்கு விற்கக் கூடாது என்ற தடை இடையில் சில வருடம் இல்லாமல் இருந்து, மறுபடி வந்திருக்கிறது அல்லவா, அதனால் வீடு வீடாக உப்பைச் சோதிக்கச் சொல்லியிருக்கிறார்கள்.

“அண்ணே, அந்தக் காலத்துல இந்த வேலைய நீங்கதான் பாத்தீங்களாம். எப்படிச் செய்யணும்னு ஒரு பக்கம் எழுதிக் குடுங்கண்ணே” என்றது அந்தப் பெண்.

அந்தக் காலம் என்றது இரண்டு வருடத்துக்கு முந்தியதை. எழுதிக் கொடுத்தேன். ஒரு பக்கம், எண் போட்டு, அழகான கையெழுத்தில். அதில் ஒரு தப்பும் கிடையாது. நான் செய்த தப்பும் அதில் கிடையாது. அதைத்தான் இப்போது எழுதுகிறேன், அவர்களுக்கும் அவர்களைப் போல வரப்போகிறவர்களுக்கும்.

என் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அப்பா சாத்தூர்ப் பக்கம் அடுத்தவர் காட்டில் கூலி வேலை பார்த்தவர். கிணறெல்லாம் வற்றியபிறகு தீப்பெட்டி ஆபீஸ் என்கிற தொழிற்சாலையில் லோடு ஏற்றப் போனார். அம்மா தீப்பெட்டி ஒட்டினாள். பன்னிரண்டாவது முடித்து, ஒரு வருடம் சுகாதாரப் பயிற்சி படித்து, தோளில் ஒரு பையும் கழுத்தில் ஒரு அடையாள அட்டையுமாக நான் வேலைக்குப் போன அன்றைக்கு அப்பா தெருவில் நின்று எல்லாரிடமும் “சர்க்கார் வேலை மாதிரிதான்” என்று சொல்லிக்கொண்டிருந்தார். “மாதிரி” என்பதை மட்டும் கொஞ்சம் மெதுவாகச் சொன்னார்.

எங்கள் திட்டம் அந்த வட்டாரத்துச் சுகாதார நிலையத்தோடு சேர்ந்து நடந்தது. அங்கே இருந்த மருத்துவ அலுவலர் ஒரு அம்மா. மேடம் என்போம். அவர் சத்தம் போட்டு நான் கேட்டதே இல்லை. எல்லாரையும் “நீங்க” என்பார். ஆறு வயதுப் பையனைக்கூட “சார்” என்றுதான் கூப்பிடுவார். நம் அறிக்கையைக் கையில் வாங்கினால் உட்கார மாட்டார், நின்றபடியே பென்சிலால் வரி வரியாகத் தொட்டுக்கொண்டு வருவார். ஏதாவது ஒரு வரியில் பென்சில் நிற்கும்.

“இது நீங்க பாத்ததா, அவங்க சொன்னதா?”

“அவங்க சொன்னது மேடம்.”

அந்த வரியைச் சுற்றி ஒரு வட்டம். அவ்வளவுதான். திட்டு கிடையாது. ஆனால் வட்டம் போட்ட அறிக்கையைத் திருப்பி வாங்கிக்கொண்டு வெளியே வருவது இருக்கிறதே, அதற்கு நாலு அடி அடித்திருக்கலாம்.

பள்ளிக்கூடங்களில் பிள்ளைகளுக்குக் கழுத்து பார்ப்பதை அவரிடம்தான் பார்த்தேன். கழுத்தின் முன்பக்கம், மூச்சுக்குழாயின் இரண்டு பக்கமும் தைராய்டு சுரப்பி ஒரு பட்டாம்பூச்சி மாதிரி உட்கார்ந்திருக்கும். உடம்பில் அயோடின் போதாவிட்டால் அது கிடைக்கிற கொஞ்சத்தையும் பிடித்து வைக்கப் பாடுபட்டு வீங்கும். மேடம் கழுத்தைத் தொடுவதற்கு முன்னால், “சார், கட்டைவிரலைக் காட்டுங்க” என்பார். பையன் காட்டுவான். வெடிக்குக் காகிதக் குழாய் உருட்டுகிற வீட்டுப் பிள்ளை என்றால் பசை காய்ந்து தோல் உரிந்துகொண்டிருக்கும். அந்த விரலின் நுனிக் கணுவை நன்றாகப் பார்த்துக்கொள்வார். பிறகு பையனை எச்சில் விழுங்கச் சொல்லி, தன் இரண்டு கட்டைவிரலாலும் மெதுவாகத் தடவுவார். சுரப்பியின் ஒரு பக்கம் அந்தப் பிள்ளையின் கட்டைவிரல் நுனியைவிடப் பெரிதாக இருந்தால் வீக்கம் என்று எழுத வேண்டும். ஒவ்வொரு பிள்ளைக்கும் அவரவர் விரல்தான் அளவு.

என் பொறுப்பு உப்பு. அந்தப் பக்கத்தில் அப்போது வண்டியில் வரும் கல்லுப்புதான். தூத்துக்குடிப் பக்கத்து உப்பளங்களிலிருந்து நேராக வரும், படியால் அளந்து வாங்கிக்கொள்வார்கள். தூள் உப்பைச் சட்டை செய்ய மாட்டார்கள். “கைக்கு அளவு பிடிபட மாட்டேங்குது” என்பார்கள். அதனால் திட்டத்தில் அயோடின் தெளித்த கல்லுப்பையே பாக்கெட் போட்டு, தெருக் கடைகளில் வைத்து விற்க ஏற்பாடு செய்தார்கள். அதை வாங்க வைப்பது என் வேலை. வாங்கினவர்கள் வீட்டில் சோதித்துப் பார்ப்பதும் என் வேலை.

முதல் மூன்று மாதம் ஒரு வீட்டிலும் எடுபடவில்லை. சூலக்கரையில் நடக்கும் எங்கள் திட்டத்தின் மாதாந்தரக் கூட்டத்தில் என் பகுதியின் தாளைத்தான் கடைசியில் வாசிப்பார்கள்.

விஸ்வநத்தத்தைத் தாண்டி ஒரு ஊர், பேர் வேண்டாம். காலை பத்து மணிக்கு மேல் அந்தத் தெருவில் எல்லா வீட்டு வாசலிலும் பெண்கள் வெடிக்குக் காகிதக் குழாய் உருட்டிக்கொண்டிருப்பார்கள். என் சைக்கிளைப் பார்த்ததுமே ஆரம்பித்துவிடுவார்கள்.

“ஏடி, உப்பு சார் வந்துட்டாரு. சட்டிய ஒளிச்சு வையி.”

அவர்களில் ஒருத்தி பேச்சியம்மாள். பேரை மாற்றியிருக்கிறேன். புருசன் லாரியில் பட்டாசுப் பெட்டி ஏற்றுகிறவர். என்னைவிட இரண்டு மூன்று வயது மூத்தவள்தான் இருப்பாள், அக்கா என்பேன். கை உருட்டிக்கொண்டே இருக்கும், வாயும் நிற்காது.

“தூத்துக்குடிக் கடல்ல எடுக்கிற உப்புல இல்லாதது ஒங்க பாக்கெட்டுல என்ன சார் இருக்கு?”

“அயோடின்க்கா. கடல் தண்ணியில இருக்கிறது, உப்பாக் காயிறப்ப அம்புட்டும் நிக்காது. அதனால தனியா சேக்குறாங்க.”

“சேத்தா?”

“கழுத்துல கட்டி வராது. வயித்துப் பிள்ளைக்கு மூளை நல்லா வளரும்.”

“எங்க மாமியாளுக்குக் குடுத்தா இப்பவாச்சும் வளருமா?”

தெருவே சிரித்தது. உள்ளேயிருந்து மாமியாரின் குரல், “காது இன்னும் கேக்குதுடி எனக்கு” என்றது. மறுபடி சிரிப்பு.

“சிரிப்பு கெடக்கட்டும் சார். இங்கன வந்து பாருங்க.” பேச்சியக்கா உள்ளே போய் நான் சொன்னதற்காக வாங்கிய ஒரே ஒரு பாக்கெட்டை எடுத்து வந்து உள்ளங்கையில் கொட்டிக் காட்டினாள். பழுப்பு நிறத்தில், கறுப்புக் கறுப்பாய்த் தூசியோடு இருந்தது. “இத எப்படிக் கொழம்புல போட? ரோட்டு மண்ணை அள்ளிப் போட்டிருக்கீக. நறநறங்குது. அதுவுமில்லாம இதுல மருந்து போட்டிருக்காம்ல? கீழத்தெருவுல குடும்பக் கட்டுப்பாட்டு மருந்துன்னு பேசிக்கிடுறாக. எனக்குக் கல்யாணமாகி நாலு வருசமாச்சு சார், இன்னும் ஒண்ணும் தங்கல. நீங்க வேற.”

கடைசியில் சொன்னதை அவள் சிரிக்காமல் சொன்னாள்.

எனக்கு எப்படியாவது அந்தத் தெரு மசிய வேண்டும். என் அம்மா வண்டி உப்பு வாங்கினால் என்ன செய்வாள் என்பது கண்முன் வந்தது. ஒரு ஓலைப்பெட்டியில் கொட்டி, மேலே தண்ணீர் ஊற்றி, கையால் ஒரு அலசு அலசி, கலங்கல் வடிந்ததும் உப்புச் சட்டியில் போடுவாள். எங்கள் பக்கம் எல்லா வீட்டிலும் அப்படித்தான்.

“மருந்தெல்லாம் ஒண்ணும் இல்லக்கா. அழுக்கா இருக்குன்னா ரெண்டு தண்ணி கழுவிட்டுச் சட்டியில போடுங்க. எங்க வீட்டுலயும் அப்படித்தான்.”

“அத மொதல்ல சொல்லுங்க சார். கழுவலாம்ல?”

“தாராளமா.”

இந்த ஒரு சொல்லை இத்தனை வருடத்தில் எத்தனை முறை மனதுக்குள் திரும்பச் சொல்லியிருப்பேன் என்று தெரியாது.

அடுத்த வாரம் அந்தத் தெருக் கடையில் பாக்கெட் தீர்ந்துவிட்டது. கழுவினால் அழுக்கும் போகும், மருந்து ஏதாவது இருந்தால் அதுவும் போகும் என்று அவர்களுக்குள் பேசி முடித்திருக்கிறார்கள். எனக்கு வழி கிடைத்துவிட்டது. கீழத்தெரு, காலனி, பக்கத்து ஊர் என்று ஏழு தெருக்களில் போய் இதையே சொன்னேன். ஏழு தெருவிலும் உப்பு போனது. சூலக்கரைக் கூட்டத்தில் என்னை எழுந்து நிற்கச் சொல்லி, எப்படிச் சாதித்தாய் என்று கேட்டார்கள். “மக்களோட வழக்கத்துக்கு மதிப்புக் குடுத்தா அவங்க நம்ம பேச்சைக் கேட்பாங்க சார்” என்றேன். கை தட்டினார்கள். என்ன வழக்கம் என்று யாரும் கேட்கவில்லை.

சோதனையும் ஒழுங்காகச் செய்தேன். ஒரு கரண்டி உப்பை வெள்ளைத் தட்டில் வைத்து, கல்லை நசுக்கிப் பரப்பி, சோதனைத் திரவத்தில் ஒரே ஒரு சொட்டு விட வேண்டும். அயோடின் இருந்தால் ஊதா ஓடும். அட்டையில் அச்சடித்த நிறங்களோடு ஒப்பிட்டு அளவு எழுத வேண்டும். நிறம் வராவிட்டால் உடனே இல்லை என்று எழுதிவிடக் கூடாது. இன்னொரு சின்னக் குப்பி இருக்கும், அதிலிருந்து ஒரு சொட்டு விட்டு, அதன் மேல் சோதனைத் திரவத்தில் மறுபடி ஒரு சொட்டு விட்டுப் பார்க்க வேண்டும்.

வீட்டில் சட்டி உப்பு எப்போதும் ஈரமாக இருக்கும். ஈர உப்பில் சொட்டு பரவி ஓடிவிடும், நிறம் பிடிபடாது. அதனால் நான், “பாக்கெட் இருக்காக்கா? அதுல கொஞ்சம் குடுங்க” என்பேன். காய்ந்த உப்பு. ஒரு சொட்டில் கருநீலமாய்ப் பூக்கும். நன்று என்று எழுதிக்கொள்வேன். வீட்டுக்கு இரண்டு நிமிடம்தான்.

சட்டி ஏன் ஈரமாக இருக்கிறது என்று எனக்குத் தெரியும். நான்தானே சொன்னேன். தெரிந்தும் யோசிக்கவில்லை. பயிற்சி நோட்டில் நானே எழுதிவைத்திருந்த வரி பிறகு கண்ணில் பட்டது: ‘கல்லுப்பில் அயோடின் கல்லின் மேற்பரப்பில் தெளிக்கப்படுகிறது.’ பரீட்சையில் அந்தக் கேள்விக்கு முழு மதிப்பெண் வாங்கினேன்.

பேச்சியக்கா அடுத்த வருடம் உண்டானாள். “ஒங்க உப்பு ராசி சார்” என்று தெருவே சொன்னது. வயிற்றில் பிள்ளை இருந்த மாதங்களில் மூன்று முறை அவள் வீட்டு உப்பைச் சோதித்தேன். மூன்று முறையும் பாக்கெட். மூன்று முறையும் நன்று. ஊருக்கு வரும் நர்சம்மாவிடம்கூட, “அந்த வீட்டுல உப்பு பிரச்சினை இல்ல சிஸ்டர்” என்று பெருமையாகச் சொன்னேன்.

பெண் பிள்ளை பிறந்தது. முத்து என்று வைத்துக்கொள்வோம்.

பிறந்த நாளிலிருந்து அந்தப் பிள்ளை அழவில்லை என்பதுதான் தெருவில் பேச்சு. தொட்டிலில் போட்டால் போட்ட இடத்தில் கிடக்கும். பாலுக்குக்கூட எழுப்பத்தான் வேண்டும். குழாய் உருட்டும் வீடுகளில் அழாத பிள்ளை எவ்வளவு பெரிய வரம் என்று வெளியூர்க்காரர்களுக்குப் புரியாது. பக்கத்து வீட்டுக்காரி, “எம் பிள்ளைக்கும் இவ மகளுக்கும் ஒரே வாரந்தான். எனக்கு இடுப்பு ஒடியுது, இவ ராணி மாதிரி ஒக்காந்து உருட்டுறா” என்று பொருமினாள். தீபாவளிச் சீசன் நேரம் வேறு.

நாற்பதாம் நாள் போல நான் போனேன். பிள்ளையின் கண்ணில் இன்னும் கொஞ்சம் மஞ்சள் இருந்தது. “காலை வெயில்ல காட்டுதோம் சார், போயிரும்” என்றாள் பேச்சியக்கா. தொட்டிலை விலக்கிப் பார்த்தேன். அசையாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

“சமத்துப் பிள்ளைக்கா” என்றேன்.

தைராய்டு சுரப்பு இல்லாமல் பிறக்கும் பிள்ளை அதிகம் அழாது, தூங்கிக்கொண்டே இருக்கும், மஞ்சள் சீக்கிரம் போகாது. இதுவும் என் நோட்டில் இருந்ததுதான். முதல் சில வாரங்களிலேயே கண்டுபிடித்து, தினம் ஒரு சின்ன மாத்திரை கொடுக்க ஆரம்பித்துவிட்டால் அந்தப் பிள்ளை மற்றப் பிள்ளைகளைப் போலவே வளரும். போகப் போக மூளைக்கு ஆகிற சேதத்தைத் திருப்ப முடியாது.

ஐந்தாம் மாதம் நர்சம்மா பார்த்துவிட்டுப் பதறிப்போய் மேடத்திடம் சொன்னார். மறுநாள் மத்தியானம் மேடம் ஜீப்பில் வந்தார். நானும் கூட இருந்தேன்.

மேடம் பிள்ளையைக் கீழே பாயில் கிடத்தச் சொன்னார். தலை நிற்கவில்லை. வயிறு உப்பி, தொப்புள் வெளியே துருத்தியிருந்தது. நாக்கு வாய்க்கு வெளியே கொஞ்சம் நீட்டிக்கொண்டே இருந்தது. தோலைத் தொட்டுப் பார்த்து, பாதத்தைக் கையில் பிடித்து வைத்துக்கொண்டார். அந்த வெயிலிலும் பாதம் குளிர்ந்திருந்தது. உள்ளங்காலைச் சுண்டினார். கொஞ்ச நேரம் கழித்து ஒரு அழுகை வந்தது. தொண்டை கட்டியவர்கள் அழுவதுபோல, கரகரவென்று. பேச்சியக்கா சிரித்துக்கொண்டே, “இம்புட்டு அழுததே இன்னிக்குத்தான்மா” என்றாள். மேடம் சிரிக்கவில்லை.

“நீங்க கொஞ்சம் நிமிந்து உக்காருங்கம்மா. எச்சில் முழுங்குங்க.”

பேச்சியக்காவின் கழுத்தில் மேடத்தின் கட்டைவிரல்கள் மெதுவாக இறங்கின, நின்றன, மறுபடி மேலே போய் இறங்கின. நிறைவான கழுத்து, சங்கிலி போட்டால் எடுப்பாக இருக்கும் என்று தெருவில் சொல்லும் கழுத்து அது. மேடம் என்னைப் பார்த்தார்.

“உப்பு?”

“பாக்கெட் உப்புதான் மேடம். மூணு தடவை சோதிச்சிருக்கேன். நல்லா இருக்கு.”

“சமைக்கிற உப்பைக் கொண்டுவரச் சொல்லுங்க.”

சட்டி வந்தது. மேடம் ஈர உப்பை ஒரு பிடி எடுத்து, குழாய்க் காகிதம் ஒன்றில் பரப்பி வாசலில் வெயிலில் வைத்தார். காயும்வரை காத்திருந்தோம். காய்ந்ததும் ஒரு டம்ளரின் அடியால் நசுக்கி, என் வெள்ளைத் தட்டில் ஒரு பக்கம் வைத்தார். மறுபக்கம் பாக்கெட் உப்பை நசுக்கி வைக்கச் சொன்னார். என் கையாலேயே சொட்டு விடச் சொன்னார்.

பாக்கெட் உப்பு ஊதாவானது. சட்டி உப்பு வெள்ளையாகவே இருந்தது. இரண்டாவது குப்பியையும் விட்டேன். மேலே மறுபடி ஒரு சொட்டு. வெள்ளைதான்.

“கழுவுவீங்களாம்மா?”

“ஆமாம்மா. ரெண்டு தண்ணி.”

“யார் கழுவச் சொன்னது?”

பேச்சியக்கா என்னைப் பார்த்தாள். ஒரு நொடிதான் இருக்கும். பிறகு பிள்ளையை எடுத்து மடியில் போட்டுக்கொண்டு, “யாரு சொல்லணும்? எங்க வழக்கந்தான்” என்றாள்.

நான் வாயைத் திறந்திருக்க வேண்டும். தட்டு என் கையில்தான் இருந்தது. மேடம் என்னைத் திட்டியிருக்க மாட்டார். வேலை போயிருக்குமா என்று இப்போதும் தெரியாது, போயிருக்காது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அந்த நேரத்தில் கழுத்தில் தொங்குகிற அடையாள அட்டையும், தெருவில் நின்று பேசும் அப்பாவும்தான் ஞாபகம் வந்தது. பேசாமல் நின்றேன்.

திரும்பும்போது ஜீப்பில் மேடம் கேட்டார். “இந்த ஒரு வீட்டுலயா, ஊர் முழுக்கக் கழுவுறாங்களா?”

“விசாரிச்சுச் சொல்றேன் மேடம்.”

ஒரு வாரம் கழித்து எழுதிக் கொடுத்தேன். ‘ஒரு சில வீடுகளில் மட்டும்.’ பென்சில் அந்த வரியில் நின்றது.

“பாத்ததா, சொன்னதா?”

“பாத்தது மேடம்.”

வட்டம் போடாமல் அடுத்த வரிக்குப் போய்விட்டார். ஊர் முழுக்க என்று நான் எழுதியிருந்தால் மேடம் சும்மா இருந்திருக்க மாட்டார். ஏழு தெருவுக்கும் அவரே வந்து, அந்த இரண்டு குவியலையும் தட்டில் வைத்துக் காட்டியிருப்பார். கண்ணால் பார்த்திருந்தால் நம்பியிருப்பார்கள். நான் அதற்கு வழியில்லாமல் செய்துவிட்டேன்.

அதற்குப் பதில் நானே தெருத் தெருவாகப் போய், கழுவாதீங்க என்றேன்.

“நீங்கதான சார் கழுவச் சொன்னீக?”

“அது பழைய உப்புக்கா. இது புது உப்பு. இதக் கழுவக் கூடாது.”

இப்படி ஒரு பொய். அவர்கள் என்ன, சின்னப் பிள்ளைகளா? “போன வருசம் கழுவுங்கன்னாரு, இந்த வருசம் கழுவாதீகன்னுறாரு, அடுத்த வருசம் உப்பே வேண்டாம்பாரு” என்று கீழத்தெருவில் ஒரு பாட்டே கட்டிவிட்டார்கள். பாதிப் பேர் கழுவுவதை நிறுத்தவில்லை. கொஞ்சம் பேர் பேசாமல் வண்டி உப்புக்கே திரும்பிவிட்டார்கள். மேடத்துக்கு அடுத்த வருடம் மாற்றல் வந்தது. அதற்கப்புறம் இரண்டு வருடத்துக்குள் எங்கள் திட்டமும் முடிந்தது.

முத்துவுக்கு மதுரையில் இரத்தம் எடுத்துப் பார்த்து மாத்திரை எழுதிக் கொடுத்தார்கள். விடிந்ததும் வெறும் வயிற்றில், பொடித்து, ஒரு சங்குப் பாலில் கலந்து கொடுக்க வேண்டும். ஒரு மாதத்தில் நாக்கு உள்ளே போனது. கை காலை உதைத்தாள். வாய்விட்டு அழுதாள். பேச்சியக்கா அந்த அழுகையைக் கேட்கச் சொல்லி என்னைக் கூப்பிட்டுக் காட்டினாள். ஆனால் போன மாதங்கள் போனதுதான். மூன்று வயது ஆகும்போதுதான் நடந்தாள். இப்போது ஐந்து வயது. அம்மா, தா, வேண்டாம். இப்படி ஒவ்வொரு சொல்லாகத்தான் பேசுகிறாள். இது உப்பினால் மட்டும்தான் என்று சொல்ல முடியாது, சில பிள்ளைகளுக்குச் சுரப்பியே சரியாக அமையாமல் பிறப்பதும் உண்டு என்று மேடம் ஒருமுறை சொன்னார். என்னைத் தேற்றுவதற்காக அவர் அதைச் சொல்லவில்லை. என்னைத் தேற்ற வேண்டும் என்று அவருக்குத் தெரியவே தெரியாது.

புதியவர்களுக்கு அந்த ஒரு பக்கத்தை எழுதிக் கொடுத்த ஞாயிற்றுக்கிழமை பேச்சியக்கா வீட்டுக்குப் போனேன். அவள் வாசலில் உருட்டிக்கொண்டிருந்தாள். முத்து பக்கத்தில் உட்கார்ந்து, உருட்டிய குழாய்களை ஒவ்வொன்றாக எடுத்து நிறுத்தப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அக்கா, அன்னிக்கு டாக்டரம்மா கேட்டப்ப நீங்க ஏன் எம் பேரச் சொல்லல?”

அவள் கை நிற்கவில்லை. “இத இப்ப வந்து கேக்கீக.”

“என்னைக் காப்பாத்தத்தானே சொன்னீங்க?”

“ஒங்கள எதுக்கு நான் காப்பாத்தணும்? எம் பிள்ள அங்கன கெடக்கு, ஒங்களக் காப்பாத்துறதா எனக்கு வேலை?” இப்போது கை நின்றது. “அந்தம்மா முன்னால ஒரு பொம்பள ஒங்களக் காட்டிக் குடுத்தான்னு இருக்க வேண்டாம், நீங்களே சொல்லிருவீகன்னு நெனச்சேன் சார். நீங்க படிச்சவுக. ஜீப்பு கிளம்புற வரைக்கும் ஒங்க வாயத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்.”

அவள் கை மறுபடி உருட்ட ஆரம்பித்தது. அவளே சொன்னாள். “எங்கிட்ட வந்து என்ன ஆகப்போகுது? எனக்குத்தான் தெரியுமே. கீழத்தெருவுல இன்னமும் கழுவுறாக. அங்க போய்ச் சொல்லுங்க.”

அடுத்த ஞாயிறு அந்த இரண்டு புதியவர்களையும் கூட்டிக்கொண்டு கீழத்தெருவுக்குப் போனேன். என் பழைய வெள்ளைத் தட்டை எடுத்துப் போயிருந்தேன். ஒரு வீட்டுச் சட்டி உப்பை வாங்கி, காயவைத்து, பாக்கெட் உப்பையும் பக்கத்தில் வைத்து, அந்தப் பெண்ணைச் சொட்டு விடச் சொன்னேன். ஒன்று ஊதா, ஒன்று வெள்ளை. தெருப் பெண்கள் குனிந்து பார்த்தார்கள்.

“கழுவுனா அயோடின் போயிரும். ஒங்களக் கழுவச் சொன்னது நான்தான். தெரியாமச் சொல்லிட்டேன். தெரிஞ்ச பெறகு பழைய உப்பு புது உப்புன்னு பொய்யும் சொன்னேன். ரெண்டும் என் தப்புதான்.”

கேலி செய்வார்கள் என்று எதிர்பார்த்தேன். ஏசினாலும் வாங்கிக்கொள்ளத் தயாராகத்தான் போயிருந்தேன். யாரும் சிரிக்கவில்லை. யாரும் ஏசவில்லை. ஒரு பெண் தட்டைப் பார்த்தபடியே கேட்டாள்.

“எம் மகன் ரெண்டாப்பு படிக்கான் சார். ரெண்டு வரி சொல்லிக் குடுத்தா மறுநா மறந்துருதான். மந்தம்னு டீச்சர் சொல்லுது. அதுவும் இதனாலதானா?”

“தெரியலக்கா” என்றேன். உண்மையிலேயே தெரியாது. அதைப் பார்த்துச் சொல்ல எந்தச் சொட்டும் என்னிடம் இல்லை.

அவள் விருட்டென்று உள்ளே போய், சட்டை போடாமல் விளையாடிக்கொண்டிருந்த மகனைக் கையைப் பிடித்து இழுத்து வந்து என் முன்னால் நிறுத்தினாள். “நல்லாப் பாத்துச் சொல்லுங்க சார்.”

எதிர்வீட்டுப் பெண்ணும் எழுந்து உள்ளே போனாள். அவளுக்கு அடுத்தவளும் போனாள். கொஞ்ச நேரத்தில் என் முன்னால் ஒன்பது பிள்ளைகள் நின்றார்கள்.